இரவல் பேரில் இரண்டு கோல்

யுத்தம் தொடங்குவதற்கு முந்தைய வருடம். ஐப்பசி மாதம் என்று நினைவு. விட்டுவிட்டுப் பெய்த மழையில் சேலம் மைதானத்தில் புல் கணுக்கால் உயரத்துக்கு வளர்ந்திருந்தது. ஊரிலுள்ள ஜட்கா வண்டிக் குதிரைகளெல்லாம் பகல் முழுக்க அங்கேதான் மேயும். அந்த மைதானத்தில், ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயந்தரம், இன்னொருவன் பேரில் நான் கால்பந்து ஆடினேன். இரண்டு கோலும் போட்டேன். இத்தனை வருடம் கழித்து எழுதும்போதும் அன்றைக்கு நடந்ததை நினைத்தால் நெஞ்சு திக்கென்கிறது.

முதலில் என்னைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். எனக்கு அப்போது இருபது வயது. திருச்செங்கோட்டுப் பக்கம் மானாவாரிக் கடலைக்காடு வைத்திருந்த குடும்பம். சேலத்தில் தங்கி இண்டர்மீடியட் படித்தேன். படித்தேன் என்று பேருக்குத்தான் சொல்கிறேன். காலேஜ் ஹாக்கி டீமில் நான் சென்டர் பார்வர்டு, புட்பால் டீமில் இன்சைட் லெப்ட். ஹாக்கி மட்டையோடு ஒரு பக்கம் சாய்ந்து எதிராளியை ஏமாற்றுகிற வித்தையை அப்படியே காலுக்கும் கொண்டு வந்திருந்தேன். திருச்சி வரை போய் ஆடியிருக்கிறேன். தலைக்கனம் உண்டு, மறைக்கவில்லை. கடைசியில் இரண்டு ஆட்டத்தில் தேறியவன் இரண்டு பாடத்தில் தவறினேன். கணக்கு நேராகிவிட்டது என்று கூட்டாளிகள் கேலி செய்தார்கள்.

ஊரிலிருந்து அப்பா கடுதாசி போட்டிருந்தார். கடலை பிடுங்க ஆள் கிடைக்கவில்லை, பந்தை உதைத்தது போதும், மூட்டையைக் கட்டு என்று இரண்டே வரி. இன்னும் ஒரு வாரம் பார்க்கலாம், ஏதாவது உத்தியோகம் கிடைக்காதா என்று செவ்வாய்ப்பேட்டையில் ஒரு பருப்பு மண்டிக்கு மேலிருந்த அறையில் ஒட்டிக்கொண்டிருந்தேன்.

அந்தச் சனிக்கிழமை காலையில்தான் கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்த மாதிரி ஒருவர் படியேறி வந்தார். சேலத்துக்கு வெளியே இருந்த ஒரு நூல் மில்லில் பெரிய கிளார்க். மில்லின் புட்பால் டீமுக்கு அவர்தான் செகரெட்டரி. மறுநாள் மைதானத்தில் பைனல். என்னை ஆடச் சொன்னார். நன்றாக ஆடினால் திங்கட்கிழமையே மில் ஆபீசில் வேலை என்றார்.

அந்தக் காலத்தில் பந்தாடுகிறவனுக்குச் சம்பளம் என்று யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். மில்லில் குமாஸ்தா என்று எழுதிக்கொள்வார்கள். காலையில் கொஞ்ச நேரம் நாற்காலியைத் தேய்த்துவிட்டு மத்தியானத்துக்கு மேல் மைதானத்துக்குப் போய்விட வேண்டியதுதான். கரும்பு தின்னக் கூலியா என்று எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஒரே ஒரு சிக்கல் இருந்தது. போட்டி தொடங்கும்போதே ஆட்டக்காரர்கள் பேரை எழுதிக் கொடுத்துவிட வேண்டும், நடுவில் புது ஆளைச் சேர்க்கக் கூடாது என்பது விதி. அதற்கும் செகரெட்டரியிடம் வழி இருந்தது. அவர்கள் டீமில் இன்சைட் லெப்ட் ஆடிய பையன் இராசிபுரத்துப் பக்கத்தான், மில்லில் ஸ்பின்னிங்கில் வேலை. கால் சுகமில்லாமல் ஊருக்குப் போய்விட்டானாம். அவன் பேரில் நான் இறங்கிவிட வேண்டும். எனக்கும் அவனுக்கும் ஒரே உயரம், ஒரே கறுப்பு. எதிர்த்து ஆட வருவது கோயம்புத்தூர்ப் பக்கத்து டீம். அவர்களுக்கு அவனையும் தெரியாது, என்னையும் தெரியாது.

இதைக் கேட்டு நான் திடுக்கிட்டேன் என்று எழுதினால் பொய். அப்போது இது ஊர் உலகத்தில் நடக்கிற காரியம். இரவல் ஆள் இல்லாத பைனலை நான் பார்த்ததில்லை. காலுக்கு என்ன என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. சட்டையைத் தைத்துத் தருவார்களா, கடையில் வாங்கித் தருவார்களா என்றுதான் கேட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை மைதானத்தைச் சுற்றி ஜனம் நெருக்கியடித்தது. என்னைத் தெரிந்த முகங்கள் நிறைய இருந்தன. காலேஜ் பையன்கள், செவ்வாய்ப்பேட்டை மண்டிக்காரர்கள், அஸ்தம்பட்டியில் நான் தினமும் சைக்கிள் எடுக்கிற வாடகைக் கடைக்காரர். ஒருவர்கூட வாயைத் திறக்கவில்லை. நம் ஊர் டீம் ஜெயிக்க வேண்டுமே! திறக்காதது மட்டுமில்லை, நோட்டீசில் அச்சடித்திருந்த அந்தப் பையன் பேரையே சொல்லிச் சொல்லிக் கத்தி, எனக்குக் கண்ணடித்தார்கள். ஊரே சேர்ந்து ஆடிய நாடகம் அது, நான் வேஷம் கட்டியவன்.

நாங்கள் அப்போது பூட்ஸ் போட்டு ஆடுவதில்லை. கணுக்காலில் துணிப்பட்டையைச் சுற்றிக்கொண்டு வெறுங்காலில்தான் ஆட்டம். முதல் பாதியில் இடது உள்ளங்காலில் ஏதோ சுருக்கென்று ஏறியது. பிடுங்கிப் பார்த்தேன், குதிரை லாடத்து ஆணி. நல்ல ரத்தம். இதற்கெல்லாம் எங்களிடம் ஒரே வைத்தியம்தான். மைதானத்து மண்ணை ஒரு கை அள்ளிக் காயத்துக்குள் வைத்து அழுத்தி, மேலே பட்டையை இறுக்கிவிட்டு ஓட வேண்டியது. ரத்தம் நின்றுவிடும். மண்ணை அப்பிக்கொண்டு ஆடுகிறவன் வீரன். வெளியே போய் உட்கார்கிறவனைப் பொட்டலம் என்போம். நான் மண்ணை அப்பினேன். ஜனம் கைதட்டியது.

இரண்டாம் பாதியில் என் காலில் சனியோ தெய்வமோ ஏதோ ஒன்று ஏறிக்கொண்டது. அடுத்தடுத்து இரண்டு கோல். ஒவ்வொரு கோலுக்கும் அந்தப் பேர் மைதானத்தைப் பிளந்தது. என் பேராக இருந்தால் எப்படியிருக்கும் என்று கொஞ்சம் ஏக்கமாகக்கூட இருந்தது. ஆட்டம் முடிந்தபோது நாங்கள் ஜெயித்திருந்தோம்.

கப்பு கொடுக்கப் பெரிய அதிகாரி ஒருவர் வரவேண்டியிருந்தது. அதுவரை வேப்பமரத்தடியில் எங்களை உட்கார வைத்தார்கள். அப்போது ஒரு பெரியவர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு என்னிடம் வந்தார். தலையில் உருமால், இடுப்பில் நாலு முழ வேட்டி, கையில் தக்கை வைத்து அடைத்த ஒரு பாட்டில். வெயிலில் நடந்து வந்த முகம். என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, கோபமே இல்லாமல் கேட்டார்.

"ஏனுங்க தம்பி, எம்பையன் பேரச் சொல்லி உங்களக் கூப்புடறாங்களே, எம்பையன் எங்கீங்க?"

செகரெட்டரி பக்கத்திலேயே நின்றுகொண்டு கண்ணால் ஜாடை காட்டினார்.  அந்தப் பேரில் இரண்டு பேர் இருக்கிறோம், உங்கள் பையன் ஊருக்குப் போய்விட்டார் என்று சொல்லிவிட்டேன்.

"ஊருக்கு வரலீங்களே. நா ஊருல இருந்துதானுங்க வாரேன்" என்றார் பெரியவர்.

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். என் புளுகு எட்டு விநாடிகூட நிற்கவில்லை. அவரே விவரம் சொன்னார். பையன் சம்பள வாரம் தவறாமல் வீட்டுக்கு வருகிறவன், இந்தத் தடவை வரவில்லை. சந்தைக்குப் போய்வந்த யாரோ நோட்டீசைக் கொண்டுவந்து அதில் பையன் பேர் இருப்பதைப் படித்துக் காட்டியிருக்கிறார்கள். அவன் பந்தாடி அவர் ஒரு தடவையும் பார்த்ததில்லையாம். அதையும் பார்த்துவிட்டு, காலுக்குத் தேய்த்துக்கொள்ள வீட்டிலே ஆட்டின விளக்கெண்ணெயும் கொடுத்துவிட்டுப் போகலாம் என்று புறப்பட்டு வந்திருக்கிறார்.

செகரெட்டரி என்னைத் தோளில் கைபோட்டு அப்பால் தள்ளிக்கொண்டு போனார். காதோரமாகச் சொன்னார்.

"பையன் ஆஸ்பத்திரியில கெடக்கறான். ரணஜன்னி. நேத்துத்தான் சேத்தோம். கப்பு கைக்கு வர்ற வரைக்கும் பெரியவரு சத்தம் போடாமப் பாத்துக்க. விஷயம் வெளிய வந்தா கப்பும் போச்சு, உன் வேலையும் போச்சு."

இந்த இடத்தை எழுதத்தான் எனக்கு இத்தனை வருடம் ஆயிற்று. ரணஜன்னி என்பது இப்போது டெட்டனஸ் என்கிறார்களே, அதுதான் என்று எனக்கு அப்போது தெரியாது. ஜன்னி கண்டால் ஆள் உளறுவான், மருந்து கொடுத்தால் தெளிந்துவிடுவான் என்று நினைத்தேன். நினைத்துக்கொண்டேன் என்று சொல்வதுதான் சரி. ஆஸ்பத்திரி அங்கிருந்து கூப்பிடு தூரம். அப்போதே அவரைக் கூட்டிக்கொண்டு நடந்திருந்தால் கப்பும் வேலையும் போயிருக்கும், அவ்வளவுதான். அப்பாவின் கடுதாசி கண்முன் வந்தது. நான் பெரியவரிடம் திரும்பி வந்து, உங்கள் பையன் இந்த ஊரிலேதான் இருக்கிறார், கப்பு கொடுத்து முடிந்ததும் நானே கூட்டிக்கொண்டு போகிறேன் என்றேன். ஒரு சோடா வாங்கிக் கொடுத்து உட்கார வைத்தேன்.

அவர் முகம் தெளிந்துவிட்டது. "அவசரமில்லீங்க தம்பி, உங்க சோலிய முடிச்சுப்போட்டே வாங்க" என்றார்.

அந்த அதிகாரி வர அரை மணி ஆயிற்று. கப்பு கொடுத்த பிறகு இரண்டு கோல் போட்டவனுக்குத் தனியாக மெடல் என்று அறிவித்து அந்தப் பேரைக் கூப்பிட்டார்கள். நான் எழுந்து போனேன். ஜனம் அதுவரை போட்ட சத்தமெல்லாம் ஒன்றுமில்லை, அப்படியொரு கூச்சல். திரும்பிப் பார்த்தால் பெரியவரும் எழுந்து நின்றிருந்தார். பேரைக் கேட்டு, பையன் எந்தப் பக்கமிருந்தாவது வருவான் என்று எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அதற்குமேல் எனக்குத் தாங்கவில்லை. மெடலைச் செகரெட்டரி கையில் திணித்துவிட்டுப் பெரியவரை அழைத்துக்கொண்டு நடந்தேன். எங்கே போகிறோம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆஸ்பத்திரி வாசலில் நான் திரும்பியதும் அவர் அப்படியே நின்றுவிட்டார்.

"இங்கீங்களா?" என்றார். நான் தலையை ஆட்டினேன்.

தாழ்வாரத்தின் கடைசியில் தனி அறை. ஜன்னலுக்கெல்லாம் கறுப்புக் கம்பளி தொங்கவிட்டிருந்தார்கள். வாசலிலேயே ஒரு டாக்டர், என்னைவிட நாலைந்து வயதுதான் மூத்தவராக இருப்பார், எங்களைத் தடுத்து நிறுத்தினார். தகப்பன் என்று தெரிந்ததும் குரலை இன்னும் தணித்துக்கொண்டார். உள்ளே வரலாம், ஆனால் சத்தம் ஆகாது, தொடக்கூடாது, பேரைச் சொல்லிக் கூப்பிடக்கூடாது. சின்னச் சத்தம் கேட்டாலும் உடம்பு வெட்டி இழுக்கும் என்றார்.

உள்ளே பார்த்தேன். அந்தப் பையனை நான் முதலும் கடைசியுமாகப் பார்த்தது அப்போதுதான். தாடை இறுகி, உதடு இழுத்துக்கொண்டு, சிரிக்கிற மாதிரி இருந்தது முகம். அது சிரிப்பில்லை என்று ஒரு கணம் கழித்துத்தான் புரிந்தது. அவன் இடது உள்ளங்காலில் கட்டுப் போட்டிருந்தது. பத்து நாளைக்கு முந்தைய ஆட்டத்தில் பட்ட காயமாம். மண்ணை அப்பிக்கொண்டு ஆடியிருக்கிறான்.

பெரியவர் கட்டிலுக்கு ஒரு கை தூரத்தில் நின்றார். பாட்டிலை இரண்டு கையாலும் பிடித்திருந்தார். வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை. ஒரு மணி நேரமாக ஒரு மைதானமே தொண்டை கிழியக் கத்திய பேரை, பெற்றவர் ஒரு தடவைகூடச் சொல்ல முடியாமல் நின்றார். பிறகு வெளியே வந்து, பையன் பேசுவானா என்று டாக்டரைக் கேட்டார்.

"இப்பக் கொஞ்சம் முன்னாடி வரைக்கும் நெனவோடதான் இருந்தான். பல்லக் கடிச்சுக்கிட்டே அப்பாவக் கேட்டான்" என்றார் டாக்டர். "சாயந்தரத்துலேருந்து மைதானத்துல கத்துனாங்க. ஒவ்வொரு சத்தத்துக்கும் வில்லா வளஞ்சான். கடைசியா ஒரு கூச்சல் போட்டாங்க பாருங்க, அதுல மூச்சே நின்னு வந்துது. வேற வழியில்லாம தூங்க மருந்து குடுத்துட்டேன். இனிமே முழிச்சாத்தான்."

எனக்குக் காது இரைந்தது. அந்தக் கடைசிக் கூச்சல் எனக்காகப் போட்டது. அவன் பேரைச் சொல்லி, என் மெடலுக்காக. அதற்கு முன்னால் அவன் அப்பாவைக் கேட்ட நேரத்தில், பெரியவர் வேப்பமரத்தடியில் நான் வாங்கிக் கொடுத்த சோடாவைக் குடித்துக்கொண்டிருந்தார். 

பெரியவர் என்னைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அறை வாசலிலிருந்து நான் நின்ற இடம் வரை சிவப்பாகத் தடம் விழுந்திருந்தது. பட்டை அவிழ்ந்து, மண் கரைந்து, என் காலிலிருந்து ரத்தம் கசிந்துகொண்டிருந்தது. எனக்கே தெரியவில்லை. அவர் டாக்டரின் கையைத் தொட்டார்.

"ஏனுங்க சாமி, இந்தத் தம்பி காலையுங் கொஞ்சம் பாருங்க. இதும் அந்த மைதானந்தானுங்க."

டாக்டர் குனிந்து பார்த்தார், முகம் மாறியது. என்னைப் பிடித்துப் பெஞ்சில் தள்ளினார். காயத்தைக் கத்தியால் அகலப்படுத்தி உள்ளிருந்ததைச் சுரண்டி ஒரு பீங்கான் தட்டில் போட்டார். மண், அதோடு குதிரைச் சாணத்தின் நார். அவனுக்கும் இதுதான் என்றார், வேறொன்றும் சொல்லவில்லை. டிஞ்சர் ஊற்றினார், வயிற்றில் பெரிய ஊசி ஒன்று போட்டார். நான் கண்ணை இறுக மூடிக்கொண்டேன். வலியால் இல்லை. இரவல் வாங்கின பேரோடு அவன் சாவையும் சேர்த்து வாங்கிக்கொண்டு, பத்து நாள் கழித்துத் தெரிந்துகொண்டிருப்பேன் என்ற பயத்தால்.

கட்டுப் போட்ட பிறகு தாழ்வாரத்தில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவன் பேரில் ஆடியது, ஆஸ்பத்திரியில் இருப்பது தெரிந்தே அவரை உட்கார வைத்தது, எதற்காக உட்கார வைத்தேன் என்பது வரை. அடிப்பார் என்று எதிர்பார்த்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.  அவர் ஒன்றே ஒன்று கேட்டார்.

"எம்பையன் நல்லா ஆடுவானுங்களா?"

நான் அவன் ஆடி ஒரு நாளும் பார்த்ததில்லை. "என்னெவிட நல்லா ஆடுவாருங்க" என்றேன்.

மறுநாள் மத்தியானத்துக்கு முன்னாலேயே முடிந்துவிட்டது. பையன் கண் திறக்கவில்லை. வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். போன பிறகு பார்த்தேன், விளக்கெண்ணெய்ப் பாட்டில் தக்கை திறக்காமல் அந்த அறை ஜன்னலில் இருந்தது. அதைத் தொட எனக்குத் தைரியமில்லை.

இனி பந்தையே தொடுவதில்லை என்று இரண்டு நாள் வீறாப்பாக இருந்தேன். மூன்றாம் நாள் மில்லுக்குப் போய் வேலையில் சேர்ந்துவிட்டேன். இதையும் சொல்லாவிட்டால் இதுவரை எழுதியதற்கு அர்த்தமில்லை. அவன் ஆடிய இடத்தில்தான் ஆடினேன். சேர்ந்த வாரமே கோல்கீப்பரிடம் அந்தப் பையன் எப்படி ஆடுவான் என்று கேட்டேன். அவர் என்னைச் சங்கடமாகப் பார்த்துவிட்டு, தப்பாக நினைக்காதே, உனக்கு வேகம் உண்டு, அவனுக்கு இடது காலில் கண் உண்டு என்றார். அந்த இரண்டு நாளில் நான் பெரியவரிடம் சொன்னவற்றில், உண்மையா என்று தெரியாமலே சொன்ன அந்த ஒன்று உண்மையாகிவிட்டது.

ஹாக்கி மட்டையைக் காலேஜ் பையன் ஒருவனுக்குக் கொடுத்துவிட்டேன். புட்பாலே பிழைப்பாயிற்று. யுத்தம் நடந்த வருடங்களில் பெங்களூரில் ஆடினேன், பிறகு கல்கத்தாவில் இரண்டு சீசன், முழங்கால் போகும்வரை. நடுவில் மூன்று தடவை இன்னொருவன் பேரில் ஆடக் கூப்பிட்டார்கள். மூன்று தடவையும் மாட்டேன் என்றேன். யாருக்காவது காலில் கீறல் பட்டால் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போவேன். டீமில் எனக்கு 'ஊசி' என்றே பட்டப்பேர் வைத்திருந்தார்கள். இன்னொரு பழக்கமும் ஒட்டிக்கொண்டது. கோல் போட்டதும் என்னை அறியாமல் இரண்டு காதையும் பொத்திக்கொள்வேன். கல்கத்தாவில் அதைத் திமிர் என்று சொன்னார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

இதைப் படிக்கிறவர்களுக்கு அந்தப் பையன் பேர் என்ன என்று கேட்கத் தோன்றும். பெற்றவரே சொல்ல முடியாமல் நின்ற பேர் அது. அதை ஒரு சாயந்தரம் ஊரே கத்தும்படி செய்த எனக்கு, இங்கே மெதுவாக எழுதக்கூட உரிமை இல்லை என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன்.